இந்தாண்ட வராத

பேய், பிசாசு என்று யாராவது ஆரம்பித்தால் எழுந்து போய்விடுகிற ஆள் நான். சினிமாவில் மைக் பிடிப்பது என் பிழைப்பு. பேய்ச் சத்தத்தையே தகரத்தைத் தட்டி நாங்கள்தான் உண்டாக்குகிறோம், அப்புறம் பயம் எங்கிருந்து வரும். ஆனாலும் இதைச் சொல்கிறேன், நம்புவதும் நம்பாததும் உங்கள் பாடு.

எங்கள் ஊர் பெருநகர். சில வருஷம் முன்பு செய்யாற்று வெள்ளத்தில் மாட்டை மீட்க இறங்கிய என் அண்ணன், நடு ஆற்றில் திரும்பி, கரையில் நின்ற என்னைப் பார்த்து ஏதோ கத்தினான். இரைச்சலில் ஒன்றும் கேட்கவில்லை. உடம்பு கிடைக்கவேயில்லை. கருமாதி செய்துவிடலாம் என்று நான் சொன்னபோதெல்லாம் அண்ணி மறுத்துவிட்டார், இன்றும் பூவும் பொட்டுமாகத்தான் இருக்கிறார்.

போன கோடையில் ஒரு படத்துக்காக மரியான் அம்மா வந்தார். பிரான்சில் பெரிய இசையமைப்பாளர். சின்ன ஊர் தேவாலயத்தில் ஆர்கன் வாசிக்க ஆரம்பித்து, படங்களுக்கு இசை போட்டு, நடுவில் வாத்தியம் அலுத்துப்போய் காற்றையும் கதவையும் பதிவு செய்து அதிலிருந்தே இசை கட்டுகிறவர். இத்தனை காலம் ஸ்பீக்கர் பக்கத்தில் நின்று நின்று இடது காது சுத்தமாகப் போய்விட்டது. இதுதான் கடைசிப் படம் என்றார், கேட்கவே பாவமாக இருந்தது.

செய்யாறும் வந்து சேர்கிற திருமுக்கூடல், வெறும் மணல், உச்சி வெயில். அந்த இடத்தின் அமைதியை மட்டும் ஒரு நிமிஷம் பதிவு செய்தோம். என் ஹெட்போனில் காற்றும் ஒரு காக்கையும்தான். அவரோ ஹெட்போனைக் கழற்றி, கேட்காத அந்தக் காதைத் தொட்டுக்கொண்டு, யார் உன்னைக் கூப்பிடுகிறார்கள் என்று இங்கிலீஷில் கேட்டார். யாருமில்லையே என்றேன். வணக்கம்கூடச் சரியாகச் சொல்ல வராத அந்த அம்மா, கேட்டதை இழுவை மாறாமல் சொல்லிக் காட்டினார்.

"சின்னவனே, இந்தாண்ட வராத."

என்னைச் சின்னவனே என்று கூப்பிட்டது அண்ணன் ஒருவன்தான். பதிவைத் திரும்பத் திரும்பப் போட்டுக் கேட்டேன், காக்கை மட்டும்தான் கத்துகிறது.

வீட்டில் யாரிடமும் மூச்சு விடவில்லை. படம் வந்தது. கடைசிக் காட்சியில் அந்த இழுவையைப் பியானோவில் போட்டிருந்தார், நாலைந்து சுரம், வார்த்தையே கிடையாது. அரிசி புடைத்துக்கொண்டிருந்த அண்ணியிடம் நான் வேலை செய்த படம் என்று மட்டும் சொல்லிப் போனை நீட்டினேன். முறம் நின்றது.

"இன்னா தம்பி, இந்தாண்ட வராதன்றாரு," என்றார் அண்ணி, வெகு சாதாரணமாக. "எந்தாண்ட கீறாராம், கேட்டியா?"

கருமாதிப் பேச்சை நான் அப்புறம் எடுக்கவில்லை. பஸ் ஆற்றுப் பாலத்தில் ஏறும்போது மட்டும் இடது காதைப் பொத்திக்கொள்கிறேன். எந்தாண்ட இருக்கிறான் என்று பதில் வந்துவிட்டால், அண்ணியிடம் போய் நான் என்ன சொல்ல.