கழுவாத தட்டு

"எதிர்ல யாரும் நிக்காதீங்கம்மா, தள்ளுங்க. மாசமா இருக்கறவங்க உள்ள போயிடுங்க. ஜோசஃபினு, நீ அந்தப் பக்கம் கெட்டியாப் பிடிச்சிக்கோ. இது ராட்சசக் காயி, உருண்டா அல்சூர் ஏரியிலதான் போய் நிக்கும்."

சொல்லிக்கொண்டே தனக்கோடி கத்தியைக் காம்புக்குப் பக்கத்தில் வைத்து, அதன் முதுகில் உள்ளங்கையால் ஒரே ஒரு தட்டு தட்டுவார். பரங்கிக்காய் கடக்கென்று இரண்டாகப் பிளக்கும். உடனே கத்தியைத் துணியில் துடைத்து, கோட்டின் உள்பையில் போட்டுக்கொள்வார். வெள்ளைத் துணியில் தைத்த பட்லர் கோட்டு அது. பித்தளைப் பொத்தான் ஐந்தில் மூன்று மிச்சம்.

எங்கள் சந்தில் ஒன்பது வீடு. ஆண்கள் எல்லாரும் விடிந்ததும் தொழிற்சாலை பஸ்ஸில் ஏறிப் போய்விடுவார்கள். முழுப் பரங்கிக்காயில் பெண்பிள்ளை முதல் வெட்டு வைக்கக்கூடாது என்பது இங்கே சட்டம். ஜோசஃபின் ஞாயிறு தவறாமல் பூசைக்குப் போகிறவள், அவளும் இதை மீறமாட்டாள். பரங்கி விஷயத்தில் எங்கள் சந்தில் எல்லா மதமும் ஒன்று. ஆகவே பகலில் வீட்டில் இருக்கும் ஒரே ஆண்பிள்ளையான தனக்கோடிதான் எல்லா வீட்டுக்கும் முதல் வெட்டு. பள்ளிக்கூட வாத்தியாரான நானும் சனிக்கிழமைகளில் வீட்டில்தான் கிடக்கிறேன். ஆனால் என்னை யாரும் கூப்பிடுவதில்லை. ஒருமுறை ஆசைப்பட்டு வெட்டப் போய், கத்தி காயிலேயே மாட்டிக்கொண்டுவிட்டது. கத்தியும் காயுமாகத் தனக்கோடியிடமே தூக்கிக்கொண்டு ஓடினேன். "வாத்தியாரே, உங்களுக்கு சாக்பீஸ் போதும்" என்றார். என் மனைவி சரளா அதை இன்னும் மறக்கவில்லை.

வெட்டுக்குக் கூலி ஒரு கீற்று. நல்ல சதைப்பற்றான இடத்தில், பிறை மாதிரி, தோலோடு. அதை அவரே அளந்து அறுத்துக்கொள்வார். ஒரு விரற்கடை குறைந்தாலும் ஒப்புக்கொள்ளமாட்டார். "இது நமக்கில்லம்மா, சைட் டிஷ்ஷுக்கு" என்பார்.

அந்த சைட் டிஷ்ஷைப் பற்றிச் சொல்லாவிட்டால் தனக்கோடியைப் பற்றிச் சொன்னதாகாது. தண்டு பிரதேசத்தில், அதாவது கன்டோன்மென்டில், ஒரு வெள்ளைக்கார மேஜர் பங்களாவில் இருபத்திரண்டு வருஷம் சமைத்தவர். சுதந்திரம் வந்ததும் துரை கப்பலேறிவிட்டார். துரைசாணி போகும்போது நீலக்கரை போட்ட எட்டு எனாமல் தட்டுகளை இவருக்குக் கொடுத்துவிட்டுப் போனாள். அது ஆகிறது ஒன்பது வருஷம். கிறிஸ்துமஸுக்குக் கேக்கு, கல்யாணத்துக்குக் கட்லெட்டு என்று அங்கொன்றும் இங்கொன்றுமாக ஆர்டர் பிடித்துக் காலத்தை ஓட்டுகிறார். கல்யாணம் ஆகவில்லையே என்று கேட்டால், "துரை வீட்ல டைம் எங்க சார் குடுத்தாங்க?" என்று திருப்பிக் கேட்பார்.

சனிக்கிழமை காலையில் வாசலில் மண்ணெண்ணெய் டின்னைப் படுக்கப் போட்டு, அடியில் மணல் பரப்பி, கீழே கொஞ்சம் கரி, மேலே கொஞ்சம் கரி வைத்துக் கனியவிடுவார். இதுதான் அவருடைய ஓவன். வாரமெல்லாம் சேர்ந்த கீற்றுகளின் சதையில் குறுக்கும் நெடுக்குமாகக் கீறிவிட்டு, வெண்ணெய் தடவி, வெல்லத்தூள் தூவி, பட்டை, கிராம்பு, சுக்கு, மிளகு எல்லாம் இடித்த பொடியை விரல் நுனியால் உதறுவார். கடைசியாகச் சாதிக்காயை ஒரே ஒரு சுரண்டல். பிறகு டின்னுக்குள் தள்ளி, முக்கால் மணி நேரம் முன்னால் குந்திக்கொள்வார். அப்போது யாரும் பேச்சுக் கொடுக்கக்கூடாது. கொடுத்தால், "பேஜாரு பண்ணாதீங்க, மேல் தீ போயிடும்" என்பார்.

"ஏண்ணே, குழம்புல போட்டா ஆகாதா?" என்று ஒருநாள் கேட்டேன்.

"கொழம்புல போட்டா கூட்டத்துல கோவிந்தா. தட்டு ஓரத்துல தனியாக் குந்த வெச்சாதான் வாத்தியாரே, அதுக்கு ஒரு மரியாதை."

வெந்ததும் எட்டுத் தட்டில் எட்டு வீட்டுக்கும் போகும். அவர் மட்டும் ஒரு துண்டுகூட வாயில் போடமாட்டார். "செய்யறவன் நாக்கு சாட்சிக்கு ஆவாது. தட்டுதான் சாட்சி." துரை வாயைத் திறந்து நன்றாயிருக்கிறது, இல்லை என்று ஒரு நாளும் சொன்னதில்லையாம். திரும்பி வரும் தட்டைப் பார்த்தே தனக்கோடி எல்லாம் தெரிந்துகொள்வாராம். தோல்வரைக்கும் சுரண்டியிருந்தால் பெஸ்கிளாஸ். நடுவில் மட்டும் தின்றிருந்தால் உப்பு போதவில்லை. ஓரமாக ஒதுக்கியிருந்தால் அன்றைக்கு துரைசாணி முன்னால் போகாமல் இருப்பது உத்தமம்.

அதனால் எங்களிடம் அவர் கேட்பது ஒன்றே ஒன்றுதான்: "தட்டைக் கழுவாம அனுப்புங்கம்மா."

கேட்கிறதைப் பாருங்கள்! எச்சில் தட்டை எந்தப் பெண்பிள்ளை அடுத்த வீட்டுக்குத் திருப்பிக் கொடுப்பாள்? எங்கள் சந்தில் எவளும் கொடுக்கவில்லை. சாம்பலும் புளியும் போட்டுத் தேய்த்து, பளபளவென்று துடைத்து, வெறுந்தட்டாகக் கொடுக்கக்கூடாதே என்று ஒரு பிடி சர்க்கரையும் போட்டு அனுப்புவார்கள். "எப்படியம்மா இருந்துச்சு?" என்றால், "பிரமாதம் அண்ணா!" தனக்கோடி சர்க்கரையை விரலால் விலக்கிவிட்டுத் தட்டின் அடியைப் பார்ப்பார். அங்கே அவர் முகம்தான் தெரியும். எங்கள் சந்துக்குக் குடிவந்த மூன்று வருஷமாக அவர் கடையில் சர்க்கரை வாங்கியதில்லை.

இப்போது உண்மையைச் சொல்லிவிடுகிறேன். அந்தப் பரங்கிக்காயை எங்கள் சந்தில் ஒருவரும் வாயில் வைத்ததில்லை. சரளா முதல் நாளே மூக்கைச் சுளித்தாள். "வாசனை கறி மாதிரி வருது, உள்ள பார்த்தா பரங்கிக்காய். இது என்ன ஏமாத்து வேலை?" ஜோசஃபினுக்கு அது பிள்ளை பெற்றவளுக்குக் கொடுக்கிற லேகியமாக மணத்தது. சந்துக் கோடியில் முனியப்பாவின் எருமைக் கொட்டகை. முதன்முதலில் அங்கே கொண்டுபோய்க் கொட்டியது எங்கள் வீடுதான், மறைப்பானேன். மற்ற ஏழும் பின்னாலேயே வந்தன. சந்து முழுக்க அந்த எருமைப் பால்தான்; ஞாயிற்றுக்கிழமைக் காப்பியில் லேசாக ஒரு கிராம்பு வாசனை வரும். யாரும் அதைப் பற்றிப் பேசுவதில்லை.

இப்படியே போயிருக்கும். போன தை மாதம், ஊர் பூராவும் குளிரில் கம்பளியைப் போர்த்திக்கொண்டிருந்த ஒரு சனிக்கிழமை, தனக்கோடி என்னைத் தேடி வந்தார். கோட்டில் ஐந்து பொத்தானும் இருந்தன.

"வாத்தியாரே, ஒரு தொழிற்சாலை கெஸ்ட் ஹவுஸ்ல குக்கு வேலை காலியாம். நாளைக்கு மத்தியானம் மூணு ஆபீசருங்களுக்கு சமைச்சிக் காட்டணும். ஜெயராமன்னு பெரியவரு, சுத்த சைவம். சோறு, சூப்பு எல்லாரும் செய்வான். சைட் டிஷ்ஷுலதான் கைய காட்டணும். பரங்கி வெக்கட்டா, பீன்ஸ் வெக்கட்டா? ஒம்போது வருசம் கழிச்சு ஒரு நல்ல கிச்சன். போச்சுன்னா இந்த வயசுல இன்னொண்ணு வராது. நீங்க படிச்சவரு, பொய் சொல்ல மாட்டீங்க."

பீன்ஸ் என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். ஏன் என்று கேட்பாரே!

"தாராளமா பரங்கியே வையுங்கண்ணே" என்றேன்.

"அதான! மூணு வருசம், எட்டு வீடு. ஒரு தட்டாவது மீதியோட வந்திருக்குமா?"

அன்றைக்கு ஒத்திகை. வழக்கத்தைவிடப் பொடி கூட, வெண்ணெய் கூட. எட்டுத் தட்டையும் வாசல் பெஞ்சில் வரிசையாக வைத்துவிட்டு, நாளைய சமையலைப் பெண்களுக்கு விளக்கிக்கொண்டிருந்தார். பேச்சு நீண்டுகொண்டே போனது. ஒருத்தியும் தட்டை எடுத்துக்கொண்டு நகர முடியவில்லை. நேரமாகிவிட்டதை வேறொருத்தி கவனித்திருக்கிறாள். கோடியிலிருந்து அறுந்த கயிறு இழுபட, முனியப்பாவின் எருமை நேராக வந்தது. பெண்களை விலக்கிக்கொண்டு பெஞ்சில் மூஞ்சியை வைத்தது. ஒன்று, இரண்டு என்று முறையாக ஆரம்பித்தது. தனக்கோடி "ஹேய், ஹேய்!" என்று கையை ஓங்குவதற்குள் ஐந்து தட்டு காலி. முனியப்பா பின்னால் மூச்சிரைக்க ஓடி வந்தான்.

"ஏனு மாடோது சாமி! என்னா பண்றது சொல்லு! சனிக்கெழமை ஆனா எட்டு வீட்லருந்தும் கரெக்டா வந்துடும். மூணு வருசமாத் தின்னுக்கினு இருக்கு. இன்னிக்கு லேட் ஆச்சா, தானே வந்துட்டா!"

சொன்ன பிறகுதான் எங்கள் முகங்களைப் பார்த்தான். கயிற்றைப் பிடித்துக்கொண்டு எருமையோடு நழுவிவிட்டான்.

தனக்கோடி எங்களைத் திட்டியிருந்தால் நன்றாயிருந்திருக்கும். அவர் குனிந்து ஒரு காலித் தட்டை எடுத்தார். மூன்று வருஷத்தில் அவருக்குக் கிடைத்த முதல் கழுவாத தட்டு அது. திருப்பித் திருப்பிப் பார்த்தார். "தோலும் மிச்சமில்ல" என்றார். பிறகு யாரையும் பார்க்காமல், "மார்க்கெட்டுக்குப் போய் பீன்ஸ் வாங்கணும்" என்று சொல்லிக்கொண்டே உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டார்.

பெண்கள் கலைந்தார்கள். எனக்கு வெட்கம் பிடுங்கித் தின்றது. படித்தவன், பொய் சொல்லமாட்டான் என்று நம்பி வந்த மனுஷர்! பெஞ்சில் மூன்று தட்டு மிச்சமிருந்தது. ஒன்றை மடியில் வைத்துக்கொண்டு அவர் வாசற்படியிலேயே உட்கார்ந்தேன். பிராயச்சித்தம் என்று நினைத்துத்தான் கண்ணை மூடிக்கொண்டு ஒரு வாய் போட்டேன்.

முதலில் வெல்லமும் வெண்ணெயும் கரைந்தன. விளிம்பில் கருகின இடம் கமர்கட்டு மாதிரி பல்லில் ஒட்டியது. பிறகு மிளகு தொண்டையில் ஏறியது. எல்லாம் இறங்கின பிறகு பட்டை வாசனை நிதானமாக மூக்குவரைக்கும் வந்து உட்கார்ந்துகொண்டது. அந்தக் குளிருக்குக் காது மடல்வரை சூடேறியது. அடப்பாவிகளா! இதையா மூன்று வருஷமாக எருமைக்குப் போட்டோம்?

இரண்டாவது தட்டும் என்னிடம்தான் வந்தது. மூன்றாவதற்குக் கை நீட்டினபோது சரளா முந்திக்கொண்டாள். ஒரு விள்ளல் தின்றுவிட்டு என்னைப் பார்த்தாள். "கறியும் இல்ல, காயும் இல்ல, ஆனா என்னமோ இருக்குங்க" என்றாள். அப்புறம் கரண்டியால் தோல்வரை சுரண்டினாள்.

கதவைத் தட்டி, தட்டுகளை அப்படியே நீட்டினேன். தனக்கோடி வாங்கி வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தார். தோலின்மேல் கட்டைவிரல் நகத்தை ஓட்டினார். கரண்டி சுரண்டின கோடுகளை ஒவ்வொன்றாகப் பார்த்தார்.

"எருமைக்கு அப்புறம் நீங்கதான் வாத்தியாரே" என்றார். பிறகு, "பீன்ஸ் வேணாம்."

மறுநாள் காலையில் ஒரு முழுப் பரங்கிக்காயைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு பஸ் ஏறினார். சாயங்காலம் சந்து முழுக்க வாசலில் நின்றது. ஐந்து மணிக்கு வந்தார், கையில் துண்டில் சுற்றின எதுவோ ஒன்று.

"அண்ணா, வேலை என்னாச்சுண்ணா?" என்று ஜோசஃபின் பதறினாள்.

அவர் நிற்கவில்லை. எட்டு வீட்டையும் தாண்டி நேரே முனியப்பா கொட்டகைக்குப் போனார். நாங்கள் பின்னாலேயே ஓடினோம். எருமைக்கு எதிரில் குந்தி, துண்டைப் பிரித்தார். தங்கக்கரை போட்ட பீங்கான் தட்டு. அதில் சதை துளிகூட ஒட்டாத பரங்கித் தோல் இரண்டு.

"ஜெயராமன் சார் தட்டு" என்றார், எங்களிடம் அல்ல, எருமையிடம். "கழுவ வேணாம்னு கேட்டு வாங்கியாந்தேன். ரெண்டாந்தடவை கேட்டு வாங்கித் துன்னாரு. ஒண்ணாந்தேதி வரச் சொல்லிட்டாங்க."

தட்டை இரண்டு கையாலும் அதன் முகத்துக்கு நேரே தூக்கிப் பிடித்தார். எருமை முகர்ந்து பார்த்துவிட்டு நாக்கை நீட்டியது. தனக்கோடி வெடுக்கென்று தட்டைப் பின்னால் இழுத்து, கோட்டுக்குள் வைத்துப் பொத்தானைப் போட்டுக்கொண்டார்.