மூன்றாம் வரிசையில் லீஸ்பெத்

ஹெர்மினா கோல்பெ பெரிய நட்சத்திரம் ஒன்றும் இல்லை. பத்து வருடத்தில் இருபத்தெட்டு ஊமைப்படம். பாதியில் செத்துப்போகிறவள், மீதியில் கைவிடப்பட்டவள். பெர்லினில் ஒரு டிராம் ஓட்டுநர் மகளுக்கு இதுவே அதிகம் என்று அக்கம்பக்கத்தார் பேசிக்கொண்டார்கள். பேசட்டுமே. அவள் என்ன அவர்களுக்காகவா நடித்தாள்?

தங்கை லீஸ்பெத்துக்காக நடித்தாள். ஆறு வயதில் வந்த காய்ச்சல் லீஸ்பெத்தின் இரண்டு காதையும் கொண்டுபோய்விட்டது. எதிரில் இருப்பவர் உதட்டைப் பார்த்தே பேச்சைப் பிடித்துக்கொள்வாள். சண்டை வந்தால் மட்டும் கண்ணை இறுக மூடிக்கொள்வாள். அப்புறம் நீங்கள் தலைகீழாக நின்றாலும் ஒரு வார்த்தை அவளிடம் போய்ச் சேராது. சலவைக்கடையில் இஸ்திரி போடும் வேலை. ஞாயிறு மத்தியானம் தெருமுனைக் கொட்டகையில், மூன்றாம் வரிசையில் அக்காவோடு உட்கார்ந்து அக்கா படம் பார்ப்பதுதான் அவளுக்கு உலகம்.

ஊமைப்படத்தில் நடிகை எதைப் பேசினால் என்ன, வசனம் அட்டையில் எழுதி வந்துவிடும். அதனால் ஹெர்மினா ஒவ்வொரு படத்திலும் ஓரிடத்தில் தங்கைக்கென்று ஒரு வார்த்தை வைப்பாள். ஒரு படத்தில் இருமி இருமி உயிர் விடுகிறாள். கொட்டகையே கண்ணீரும் கம்பலையுமாக இருக்கிறது. திரையில் அவள் உதடு சொல்கிறது: "லீஸ், அடுப்புல சூப் பொங்குது பாரு." லீஸ்பெத் விழுந்து விழுந்து சிரித்தாள். முன்வரிசைப் பெரியவர் திரும்பி முறைத்தார். அக்காவும் தங்கையும் கைக்குட்டையை வாயில் அடைத்துக்கொண்டார்கள்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபத்தொன்பதில் பேசும் படம் வந்து தொலைந்தது. சோதனையில் ஹெர்மினாவின் குரல் தகரத்தில் ஆணி கீறினாற்போல் இருந்தது. முகம் போதும், குரல் வேண்டாம் என்றார் இயக்குநர் லாங்னர். ரோஸ்விதா என்ற நாடகக்காரி காமிராவில் விழாமல் ஒதுங்கி நின்று மைக்கில் பேசுவாள். ஹெர்மினா அதற்கேற்ப வாயசைக்க வேண்டும். அவமானம்தான். இருந்தாலும் அவளுக்கு உள்ளுக்குள் ஒரு குஷி. தன் குரல்தான் பதிவாகப் போவதில்லையே, லீசுக்கு ஒரு வார்த்தை சொன்னால் யாருக்குத் தெரியும்?

ரயிலடியில் கணவனை வழியனுப்பும் காட்சி. ரோஸ்விதா உருக்கமாக, 'காத்திருப்பேன்' என்றாள். ஹெர்மினாவின் உதடு, தொப்பியை மாட்டு லீஸ், கிளம்பலாம் என்றது. உதடு குரலோடு ஒட்டவில்லை என்று நிறுத்திவிட்டார்கள். இரண்டாம் முறை வெறும் 'லீஸ்' என்று மட்டும் சொல்லிப் பார்த்தாள். அதுவும் ஒட்டவில்லை. லாங்னர் ஒலிப்பதிவுக் கூண்டை விட்டு வெளியே வந்தார். கத்தவில்லை.

"ஃப்ராய்லைன் கோல்பெ, இனிமே உங்க உதடு ரோஸ்விதாவோடது. முடியாதுன்னா இப்பவே சொல்லிடுங்க, வாசல்ல இருபது பேர் நிக்கிறாங்க."

முப்பத்தாறு வயதில் வேறு எங்கே போவாள்? மூன்றாம் முறை ரோஸ்விதா சொன்னதையே அசைத்தாள். எல்லாரும் கைதட்டினார்கள்.

படம் வெளியான ஞாயிற்றுக்கிழமை மூன்றாம் வரிசை. அட்டையும் இல்லாமல், பாதிப் பேர் முகத்தைத் திருப்பிக்கொண்டு பேசிய படத்தில் லீஸ்பெத்துக்குக் கதை பிடிபடவில்லை. அவள் அதற்குக் கவலைப்படவும் இல்லை, தன் வார்த்தைக்காகக் காத்திருந்தாள். ரயிலடி வந்ததும் சீட்டு நுனிக்கு நகர்ந்தாள். விளக்குப் போட்ட பிறகும் அப்படியே இருந்தாள்.

"முடிஞ்சிருச்சா?" என்றாள், தன் சத்தம் தனக்கே தெரியாத அந்தக் குரலில். சனமெல்லாம் திரும்பிப் பார்த்தது. "எங்கிட்ட ஒண்ணுமே சொல்லலையே, மினா?"

உதட்டை விற்றுவிட்டேன் என்று எப்படிச் சொல்வாள் பாவி? வாயில் வந்தது, "மறந்துட்டேன், லீஸ்" என்பதுதான்.

லீஸ்பெத் கோட்டை மாட்டிக்கொண்டாள்.

அந்த வாரமே கடிதம் வந்தது. அடுத்த படத்தில் முகமும் ரோஸ்விதாவுடையதே. ஹெர்மினா அதைப் படித்துவிட்டு மேசையில் போட்டாள், அழக்கூட இல்லை. ஞாயிறன்று தெருமுனையில் அவளுடைய பழைய ஊமைப்படம் ஒன்று போட்டிருந்தார்கள். ஓடிப்போய்த் தங்கையின் தொப்பியை எடுத்து நீட்டினாள். லீஸ்பெத் வாங்கவில்லை. ஹெர்மினா அவள் எதிரே மண்டியிட்டு உட்கார்ந்தாள்.

லீஸ்பெத் கண்ணை இறுக மூடிக்கொண்டாள்.

"மறக்கலடி லீஸ். சொல்ல விடல." அந்தத் தகரக் குரலிலேயே திரும்பத் திரும்பச் சொன்னாள்.