மறைய வேண்டிய மஞ்சள் கோடு

என் சமையலறை அலமாரியில், உப்பு ஜாடிக்குப் பக்கத்தில், புளிப்பானை இருக்க வேண்டிய இடத்தில் ஒரு பித்தளைக் குழாய் படுத்திருக்கிறது. ஒரு முழ நீளம் இருக்கும். ஒரு முனையில் கண் வைத்துப் பார்க்க ஓட்டை, மறுமுனையில் நூல் நுழைகிற அளவுக்கு ஒரு கீறல், நடுவில் வெளிச்சத்தை நிறம் நிறமாகப் பிரிக்கிற கண்ணாடி. இதைத் தூக்கி வேறெங்காவது வைத்துத் தொலைக்கலாம் என்று எத்தனையோ தடவை நினைத்திருக்கிறேன். வைத்தால் அண்ணி வீட்டை இரண்டாக்கிவிடுவார். அதனால் என் புளிப்பானை கட்டிலுக்கு அடியில் குடியிருக்கிறது.

அண்ணி என்றால் என் வீட்டுக்காரரின் அக்கா. கல்யாணம் செய்துகொள்ளவில்லை. வெளியூரில் பெரிய ஆய்வுக்கூடம் ஒன்றில் காலமெல்லாம் வேலை பார்த்தார். எஞ்சினுக்குள்ளே எரிகிற தீ எவ்வளவு சூடாக இருக்கிறது என்று கண்டுபிடிப்பதுதான் வேலை. ஓய்வு பெற்றதும் ஒரு பெட்டித் துணியும் மற்றதெல்லாம் சாமானுமாக நாகலூரில் எங்கள் வீட்டு வாசலில் வந்து இறங்கினார். வீட்டுக்காரர் எஸ்டேட்டில் கணக்கெழுதுகிற ரைட்டர். நான் வீட்டுக்கு முன்னாலேயே, பஸ் போகிற ரோட்டோரம், ஒரு டிபன் கடை நடத்துகிறேன். கடைக்கென்று பின்கட்டில் இரண்டு கேஸ் அடுப்பு வைத்திருந்தேன். வந்த வாரமே அதில் ஒன்று அண்ணிக்குப் போய்விட்டது.

"தீக்குள்ள கம்பிய உட்டு அளந்தா, அது தன் சூட்டைத்தான் சொல்லும் கண்ணு. தீயோட சூட்டைச் சொல்லாது. தீயத் தொடவே கூடாது. வெளிச்சத்துக்கிட்டத்தான் கேக்கோணும்" என்பார். இதை நான் போண்டா உருட்டும்போதும் சொல்வார், பாத்திரம் கழுவும்போதும் சொல்வார்.

கேட்டுக் கேட்டு எனக்கே மனப்பாடம் ஆகிவிட்டது. அடுப்புத் தீக்குப் பின்னால் ஒரு விளக்கு. தீயில் உப்புத் தண்ணீரைத் தெளித்தால் அது மஞ்சளாக எரியும். குழாய் வழியாகப் பார்த்தால் விளக்கு வெளிச்சம் வானவில்லாக விரிந்திருக்கும், அதன் நடுவே ஒரு மஞ்சள் கோடு நிற்கும். தீ விளக்கைவிடச் சூடாக இருந்தால் கோடு பளிச்சென்று இருக்கும். விளக்கு அதிகச் சூடாக இருந்தால் அதே கோடு கறுத்துத் தெரியும். விளக்கைத் திருகிக் கூட்டிக் குறைத்துக்கொண்டே வந்தால் ஓரிடத்தில் கோடு காணாமல் போகும். அங்கே இரண்டும் ஒரே சூடு. விளக்கின் சூடு முன்கூட்டியே தெரியும், ஆகவே தீயின் சூடும் தெரிந்தாயிற்று. அழகான வேலைதான், இல்லை என்று சொல்லமாட்டேன். ஆனால் அந்த அழகு என் சிலிண்டரில் அல்லவா எரிகிறது!

"ஏனுங்க அண்ணி, இது தெரிஞ்சு என்னங்க ஆகப்போகுது? போண்டா வேகற சூடு எனக்குத் தெரியாதுங்களா?" என்று கேட்டால், "தெரிஞ்சுக்கறதுக்குத்தான் கண்ணு" என்று பதில் வரும். இந்தப் பதிலை வைத்துக்கொண்டு நான் என்ன செய்ய?

தெரிந்துகொண்டு சும்மா இருந்திருந்தாலும் பரவாயில்லை. தினமும் ஒரே அடுப்பு, ஒரே தீ, ஆனால் கணக்கு மட்டும் தினமும் வேறு வேறாக வந்தது. ஆய்வுக்கூடத்தில் அப்படி வந்ததே இல்லையாம். உடனே பழி தேட ஆரம்பித்தார். முதலில் என் உப்பு. அயோடின் உப்பு ஆகாது, கல்லுப்புதான் வேண்டும் என்று என்னை ஏற்காட்டுக்குத் துரத்தினார். கல்லுப்பு வந்ததும் அது பனியில் கசிந்துவிட்டது என்றார். ஏற்காட்டு மலையில் எந்த உப்பு கசியாமல் இருக்கிறது? பிறகு சிலிண்டரில் கலப்படம், பிறகு மலைக்காற்று, பிறகு நான் பக்கத்து அடுப்பில் கடுகு தாளித்தது. கடுகு! அன்றைக்கு வந்த கோபத்தில் கரண்டியைப் போட்டுவிட்டு ரோட்டில் போய் நின்றுகொண்டேன்.

எனக்கு வேறொரு சந்தேகம் இருந்தது. காபி டம்ளரை அவருக்கு வலப்பக்கம் வைத்தால் தட்டிவிடுவார். இடப்பக்கம் வைத்தால் ஒழுங்காக எடுத்துக் குடிப்பார். வாசற்படியில் இடித்துக்கொள்வதெல்லாம் வலது தோளாகவே இருந்தது. சேலத்துக் கண் ஆஸ்பத்திரிக்குப் போகலாம் என்று கெஞ்சினேன். "என்ற கண்ணுக்கு என்ன? பேப்பர்ல டெண்டர் நோட்டீஸ் பொடி எழுத்துக்கூடத் தெரியுது" என்று படித்தும் காட்டினார். தெரியத்தான் செய்தது. வீட்டுக்காரரிடம் சொன்னால், "அக்கா படிச்சவங்க, அவங்களுக்குத் தெரியாததா உனக்குத் தெரியுது?" என்றார். என் வயிறு எரிந்த சூட்டை அந்தக் குழாயை வைத்து அளந்திருக்கலாம்.

ஒரு தடவை எப்படியோ கிளப்பி பஸ் ஸ்டாப் வரைக்கும் கூட்டிப் போய்விட்டேன். பனி இறங்கியது. "இந்தப் பனியில பஸ் மலை எறங்கறது நல்லதில்ல" என்று திரும்பி நடந்தார். மலையில் பிறந்த பெண் சொல்கிற பேச்சா இது! இன்னொரு தடவை சட்டையெல்லாம் இஸ்திரி போட்டு வீட்டுக்காரர் துணைக்கு நிற்க, விளக்கு இன்னும் சூடேறவில்லை, பாதியில் விட முடியாது என்றுவிட்டார் அண்ணி.

பிறகு ஒரு மத்தியானம். கடையில் ஆள் இல்லை. விளக்கின் சூட்டைக் காட்டுகிற மீட்டரில் ஓடும் எண்ணைப் படித்துச் சொல்ல என்னைக் கூப்பிட்டிருந்தார். இடது கண்ணை இடுக்கி, வலது கண்ணைக் குழாயில் வைத்து, விளக்கைத் திருகிக்கொண்டே வந்தவர், "போயிடுச்சு. கோடு போயிடுச்சு, எண்ணைச் சொல்லு" என்றார். முந்தின நாளுக்குக் கொஞ்சமும் சம்பந்தமில்லாத எண். "கல்லுப்ப மறுபடி மாத்திட்டியா?" என்று ஆரம்பித்தாரே பார்க்கலாம். எனக்குப் பொறுக்கவில்லை. "நகருங்க அண்ணி" என்று அவரை ஒதுக்கிவிட்டு நானே கண்ணை வைத்தேன். கோடு புது மஞ்சள் கயிறு மாதிரி பளிச்சென்று நின்றது.

"கோடு இருக்குதுங்களே!"

"உனக்குப் பாக்கத் தெரியல."

"பாக்கத் தெரியாதவளுக்கு எப்படிங்க இவ்வளவு நல்லாத் தெரியும்? என் உப்புலயும் கடுகுலயும் குத்தம் சொன்னீங்களே, உங்க கண்ணை ஒரு நாளாச்சும் சொன்னீங்களா?"

கத்திவிட்டேன். அவர் பதிலுக்குக் கத்தவில்லை. இரண்டு தெளிப்பு பாட்டில் எடுத்து, ஒன்றில் உப்புத் தண்ணீரும் மற்றதில் வெறும் தண்ணீரும் ஊற்றச் சொன்னார். "எதைத் தெளிக்கறனு சொல்லாத. கோடு இருக்குதா இல்லியானு நான் சொல்றேன்."

நான் உப்புத் தண்ணீர் தெளித்தேன். இல்லை என்றார். வெறும் தண்ணீர் தெளித்தேன். யோசித்து, இருக்கு என்றார். "செரியா?" என்று ஒவ்வொரு தடவையும் கேட்டார். நான் அடுத்த பாட்டிலைக் கையில் எடுத்தேன். பிறகு கண்ணை மாற்றிப் பார்த்தார். வலது கண்ணைத் தனியே மூடி அவருக்குப் பழக்கமே இல்லை, உள்ளங்கையால் பொத்திக்கொண்டார். இடது கண்ணுக்கு ஒன்றுகூடத் தப்பவில்லை. இரண்டு கண்ணும் திறந்திருக்கிற நேரமெல்லாம் இடது கண்ணே எல்லாவற்றையும் பார்த்து ஒப்பேற்றியிருக்கிறது. ஒற்றைக் கண்ணால் பார்க்க வேண்டிய இந்தக் குழாயில்தான் குட்டு வெளிப்பட்டது.

"குழா செரியாத்தான் இருக்குது. பாக்கறவதான் செரியில்ல" என்று அடுப்பை அணைத்தார். "நாளைக்கு மொத பஸ் எப்பக் கண்ணு?"

கண்ணுக்குள் அழுத்தம் கூடி வலது கண் நரம்பு முக்கால்வாசி போய்விட்டது, போனது திரும்பாது என்றார் டாக்டர். இடது கண்ணில் தினமும் சொட்டு மருந்து விட்டால் அதைக் காப்பாற்றலாம் என்றார். அழுத்தத்தை எப்படி அளந்தீர்கள் என்று கேட்டார் அண்ணி. கண்ணைத் தொட்டுத்தான் என்றதும், "அப்ப உங்க கருவி அமுக்கறதும் அதுல சேருமில்லீங்களா?" என்று ஆரம்பித்தார். நான் தலையில் அடித்துக்கொள்ளாத குறை.

திரும்பி வருகிற பஸ்ஸில் என்னால் அடக்க முடியவில்லை. "நான் சொன்னப்பவே வந்திருந்தா இந்தக் கண்ணும் கொஞ்சம் நின்னிருக்குமுங்களே!" என்றேன். "நீ சொன்னது வெறும் சொல்லு கண்ணு. அளந்து காட்டலியே" என்றார். ஜன்னல் பக்கம் திரும்பி அழுதேன். போன கண்ணுக்காக அழுதேனா, அந்தப் பதிலைக் கேட்டு அழுதேனா, எனக்கே தெரியவில்லை.

இப்போது தினமும் காலையில் இமையைப் பிடித்து நான்தான் மருந்து விடுகிறேன். "தொடாம உட முடியாதா?" என்று தினமும் கேட்கிறார். முடியாதுங்க என்று தினமும் சொல்கிறேன். அளப்பதை மட்டும் நிறுத்தவில்லை. வலது கண்ணைக் கையால் பொத்தி, இடது கண்ணைக் குழாயில் வைத்து, "போயிடுச்சு" என்கிறார். ஆனால் முன்போல உடனே எண்ணைக் கேட்பதில்லை. ஸ்டூலை விட்டு எழுந்து, "நீ ஒருக்கா பாரு கண்ணு" என்கிறார். எண்ணெய் காயும், பஸ்ஸுக்கு நிற்கிறவர்கள் போண்டா எங்கே என்று சத்தம் போடுவார்கள். திட்டிக்கொண்டேதான் போகிறேன்.

ஆனால் அந்த ஓட்டையில் கண்ணை வைக்கும்போது போண்டா நினைவே இருப்பதில்லை. அவருக்குத் தெரியாத கோடு எனக்கும் தெரியக் கூடாது. தெரிந்தால் இடது கண்ணும் போகிறது என்று அர்த்தம். மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்க்கிறேன்.

இன்றைக்கும் தெரியவில்லை. "இல்லீங்க அண்ணி, போயிடுச்சு" என்றேன். "நெசமாவா?" என்றார். நெசமாத்தானுங்க என்று சொல்லிவிட்டு, குழாயை முந்தானையில் துடைத்து உப்பு ஜாடிக்குப் பக்கத்தில் வைத்தேன். புளிப்பானை கட்டிலுக்கு அடியிலேயே இருந்துவிட்டுப் போகட்டும்.