உயிரோடு இருந்தவருக்கு நான் போட்ட மாலை

டிசைன் படித்துவிட்டுத் தொலைக்காட்சித் தொடர் இயக்க வந்தவன் நான். கம்பத்தில் வாடகைக்கு எடுத்த வீட்டில், கதாநாயகியின் இறந்துபோன அப்பா என்று காட்ட, சுவரில் மாட்டியிருந்த ஒரு பழைய படத்துக்கே சந்தன மாலை போட்டேன். அந்த மரச்சட்டம் அவ்வளவு பொருத்தமாக இருந்தது.

அடுத்த மூன்று நாளும் காலையில் மாலையைக் காணவில்லை; ஒவ்வொரு முறையும் புதிது வாங்கிப் போட்டேன். யூனிட்டில் ஒவ்வொருவரையும் சந்தேகப்பட்டேன். மேக்கப் உதவியாளரின் பையைக்கூடச் சோதித்தேன். நான்காம் நாள், படப்பிடிப்பு முடிந்து எல்லோரும் கிளம்பியதும் திரும்பி வந்து பார்த்தேன். வீட்டுக்கார அம்மா ஸ்டூலில் ஏறி மாலையைக் கழற்றிக்கொண்டிருந்தார்.

"நீங்கதான் எடுக்குறீங்களா?"

"படத்துல இருக்குறது எங்க வீட்டுக்காரரு தம்பி. ஏலத்தோட்டத்துல வேலை பாக்குறாக. சனிக்கிழமை வந்துருவாக. சொன்னா கோவிச்சுக்குவீகன்னு பேசாம இருந்துட்டேன்."

நான்கு மாலைகளையும் என் கையில் கொடுத்தார்.

இப்போதெல்லாம் எந்த வீட்டிலும், படத்தில் இருப்பவர் யார் என்று கேட்ட பிறகுதான் சட்டத்தைப் பார்க்கிறேன்.