கதாநாயகிக்குக் குரல் கொடுத்தவள்

சினிமாவில் இராயப்பு செய்யாத வேலை இல்லை. ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்ட மனிதர். கொழும்பில் விளக்குத் தூக்கும் கூலியாகத்தான் நுழைந்தார். பிறகு மேக்கப் போட்டார், கமரா பிடித்தார், கதாநாயகனுக்காக மாடியிலிருந்து குதித்தார், படச்சுருளை வெட்டி ஒட்டினார். பட்டம் பெற்றவர்கள் கூடி இழுபட்ட வேலையை ஒற்றை ஆளாய் முடித்தவர். இதில் ஒரு சொல்லும் பொய்யில்லை.

கடைசிப் படத்தில் கதாநாயகிக்குக் குரல் கொடுக்க வேண்டியவள் வரவில்லை. இராயப்பு அசரவில்லை. தன் மனைவி பேர்பெச்சுவாவை அடுப்படியிலிருந்து கூட்டிப்போய் மைக் முன்னால் நிறுத்தினார். இந்தியப் படம்போல இருந்தால்தான் சனம் பார்க்கும் என்று, அவளுடைய யாழ்ப்பாணப் பேச்சைச் சொல் சொல்லாகத் திருத்தினார். அழுகைக்கு மட்டும் ஒன்றும் சொல்லிக்கொடுக்கவில்லை.

எண்பத்து மூன்று ஆடிக் கலவரத்தில் வீடு எரிந்தது, படச்சுருள் எரிந்தது. பேர்பெச்சுவாவும் அந்த நெருப்போடு போனாள்.

எண்பத்தேழில் அவர் ஜெர்மனியில், பீலெஃபெல்ட் அகதி விடுதியில் இருந்தார். அந்தப் படத்தின் வீடியோ கசெட் ஒன்று ஹம்பேர்க் கடையில் கிடக்கிறதென்று கேள்விப்பட்டு, அதே விடுதி மகேந்திரராஜாவைக் கெஞ்சி எடுப்பித்தார். அவள் குரலை ஒருதரம் கேட்டால் போதும் அவருக்கு. இதை அவர் யாருக்கும் சொல்லவில்லை.

ஞாயிறு மத்தியானம் படம் பார்க்க விடுதிக் கூடம் நிறைந்திருந்தது.

"உந்த வெளிச்சம் நான் போட்டது. உங்கை பார், குதிக்கிறதும் நான்தான்!" என்றார் இராயப்பு.

"அண்ணை, டிக்கெட் கிழிச்சதும் நீங்களோ?" என்றான் மகேந்திரராஜா. எல்லோரும் சிரித்தார்கள்.

கதாநாயகி வாய் திறந்தாள். குரல் பேர்பெச்சுவாவினதுதான். பேச்சோ யாரோ ஒருத்தியுடையது. வீட்டில் அவள் பேசிய சொல் ஒன்றுகூட அதில் இல்லை. இராயப்பு அவ்வளவு சுத்தமாகத் திருத்தியிருந்தார்.

அழுகைக் காட்சி வந்தது.

"இவவின்ரை ஒப்பாரி முடிய விடிஞ்சிடும். மற்றப் படமும் பாக்கவேணும்" என்று மகேந்திரராஜா வேகமாக ஓடவிட்டான். திரையில் முகம் துடித்தது. சத்தம் இல்லை.

"நிப்பாட்டு! திருப்பிப் போடு!"

"என்ன அண்ணை, அவவிலை ஒரு கண்ணோ?"

"குரல் என்ரை மனுசியின்ரையடா."

மகேந்திரராஜா கசெட்டைப் பின்னுக்கு ஓட்டினான்.

அழுகை அவளுடையதேதான். நடுவில் மூக்கை உறிஞ்சியதுகூட.

"இன்னொருக்கால் போடட்டோ அண்ணை?"

"ஓம்."

மற்றப் படத்தை அன்று யாரும் கேட்கவில்லை. அத்தனை வித்தை தெரிந்த இராயப்புவுக்கு மனைவியிடமிருந்து மிஞ்சியது அந்த அழுகை மட்டும்தான்.