கீரைச் சட்டியில் போட்ட புகைக் கருவாடு

நான் நாலாம் வகுப்போடு நின்றுவிட்டவள். ஒற்று எங்கே போட வேண்டும் என்று தெரியாது. கையும் இப்போது நடுங்குகிறது. நேற்றுச் சொன்னது இன்றைக்கு மறந்துபோகிறது. முன்னே பின்னே எழுதியிருந்தால் கோபித்துக்கொள்ளாமல் படியுங்கள். வாயால் சொல்ல வெட்கமாக இருந்ததை எழுத்திலாவது சொல்லிவிடலாம் என்றுதான் உட்கார்ந்தேன்.

ரங்கூனில் ஏரிக்கரைப் பக்கம் ஒரு வீட்டில் ஒன்பது வருஷம் சமையல் செய்தேன். பத்தாகவும் இருக்கலாம். வீட்டுக்கார அம்மா அமெரிக்காவிலிருந்து வந்து இங்கே பிள்ளைகளுக்கு இங்கிலீஷ் சொல்லிக்கொடுத்தவர். ஆசிரியையை இங்கே சயாமா என்பார்கள். நானும் கடைசி வரை சயாமா என்றே கூப்பிட்டேன்.

என்னை வேலைக்குச் சொல்லிவிட்டவர், "வெள்ளைக்கார அம்மா வீடு" என்று சொல்லியிருந்தார். முதல் நாள் மணி அடித்தேன். கதவைத் திறந்தவர் என்னைவிடக் கறுப்பு. தலையில் துணி கட்டியிருந்தார், கையில் கரண்டி. நம் ஆள் ஒருத்தி முன்னமே வேலைக்கு வந்துவிட்டாள், நமக்கு இடமில்லை என்று நினைத்துத் தமிழிலேயே கேட்டேன்:

"ஏம்மா, அம்மா உள்ள இருக்காங்களா?"

அவருக்கு 'அம்மா' என்ற சொல் மட்டும் புரிந்தது. தன் நெஞ்சைத் தட்டிக் காட்டி, ஓட்டை பர்மியத்தில், "நான்தான் அம்மா. வேற அம்மா வேணும்னா கடையிலதான் வாங்கணும்" என்றார். சொல்லிவிட்டு வாசற்படி அதிரச் சிரித்தார். இப்போது நினைத்தாலும் எனக்கு முகம் சூடாகிறது.

நாங்கள் பேசியதெல்லாம் பர்மியத்தில்தான். என்னை மட்டும் தமிழில் 'அக்கா' என்பார். சந்தையில் கீரைக்காரி கூப்பிட்டதைக் கேட்டுப் பிடித்துக்கொண்டது. அவர் பேசியதை இங்கே நம் பேச்சாக எழுதுகிறேன்.

சயாமா பிறந்தது அமெரிக்காவின் தெற்கே ஒரு பண்ணையில். அவருடைய பாட்டனுக்கு முன்னே இருந்தவர்கள் அங்கே அடிமைகளாம். அப்பா காலத்திலும் சொந்த நிலம் கிடையாது. அடுத்தவர் நிலத்தில் பருத்தியும் மக்காச்சோளமும் போட்டு, விளைந்ததில் பாதியைக் கொடுத்துவிட வேண்டும். என் அப்பாவும் ரங்கூனுக்கு ஆற்றின் அக்கரையில், த்வாண்டே ஊருக்கு அந்தப் பக்கம் அடுத்தவர் நிலத்தில் நெல் போட்டவர்தான். இதை நான் சயாமாவிடம் சொன்னேனா என்று ஞாபகமில்லை. அநேகமாகச் சொல்லியிருக்க மாட்டேன். கேட்டதற்கு மட்டும் பதில் சொல்லும் வழக்கம் எனக்கு.

ஞாயிற்றுக்கிழமைகளில் சயாமா அடுப்படிக்கு வந்துவிடுவார். அன்றைக்கு அவர் ஊர்ச் சமையல். மக்காச்சோள மாவைக் கரைத்து, கொழுப்புக் காய்ச்சிய இரும்புச் சட்டியில் 'சுர்' என்று ஊற்றிச் சுடுகிற ரொட்டி. காராமணிப் பயறு. முக்கியமாகக் கடுகுக்கீரை. அதை இரண்டு மணி நேரம் வேகவைக்கச் சொன்னார். நான் பயந்துபோனேன்.

"சயாமா, கீரை செத்துப்போயிடுமே!"

"சாகட்டும் அக்கா. செத்தாத்தான் சாறு இறங்கும். எங்களுக்குச் சாறுதான் முக்கியம்."

அந்தச் சாற்றில் ரொட்டியைப் பிய்த்து நனைத்துச் சாப்பிட வேண்டும். அதில் புகை வாசம் வேண்டும் என்பதற்காக, புகை போட்ட பன்றி எலும்பு ஒன்றை வாங்கி வைத்திருந்தார். அவர் அம்மா கறி போடமாட்டாராம். கறியெல்லாம் பண்ணைக்காரர் வீட்டுக்குப் போய்விடும். இவர்களுக்கு எலும்புதான். அதையும் வாசம் இறங்கியதும் எடுத்துக் கழுவி, அடுத்த வாரத்துக்கு வைத்துக்கொள்வாராம்.

இங்கேதான் என் சங்கடம். ரங்கூனிலேயே பசுந்தாங் பகுதியில் நாங்கள் இருக்கும் கட்டடத்தில் பாதிப் பேர் நம் முஸ்லிம் ஜனங்கள். காலையில் அவர்கள் வீடுகளுக்கு இடியாப்பம் பிழிந்து கொடுப்பது என் பிழைப்பு. கல்யாணமாகி வந்த புதிதில் எதிர்வீட்டு அம்மாவிடம், "இந்தக் கை பன்றியைத் தொடாது, நீங்க நம்பி வாங்கலாம்" என்று வாக்குக் கொடுத்திருந்தேன். அந்த அம்மா போய்ச் சேர்ந்த பிறகும் வாக்கு இருந்தது.

இதைச் சயாமாவிடம் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொன்னால் வேலை போய்விடுமோ என்று ஒரு பயம். அதைவிட, ஒரு காரணத்தை எடுத்துச் சொல்ல வாய் வராது எனக்கு. அவர் குளிக்கப் போன நேரம் பார்த்து, எலும்பை உறையோடு வாசல் காவல்காரரிடம் எடுத்துப் போகச் சொல்லிவிட்டேன். பதிலுக்கு, என் அம்மா கீரைக்குப் போடுகிற சாமானைப் போட்டேன். உமிப் புகையில் காய்ந்த விரால் கருவாடு. த்வாண்டேயிலிருந்து படகில் வருகிறவள் கொண்டு வந்தது என் பையில் இருந்தது. ஒரு துண்டை வெள்ளைத் துணியில் முடிந்து சட்டிக்குள் இறக்கினேன். வெந்ததும் முடிச்சை எடுத்து ஒளித்துவிட்டேன்.

சயாமா சாற்றைக் குடித்தார். கிண்ணத்தைக் கீழே வைக்கவில்லை. இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு அப்படியே இருந்தார். கண்ணிலிருந்து தண்ணீர் இறங்கியது.

"அக்கா, இது எங்கம்மா கை."

அப்போதே சொல்லியிருக்க வேண்டும். தலையைக் குனிந்துகொண்டு பாத்திரம் கழுவப் போய்விட்டேன். அதற்குப் பிறகு ஒவ்வொரு ஞாயிறும் எலும்பு காவல்காரர் வீட்டுக்குப் போகும், கருவாடு சட்டிக்குள் போகும்.

அவர்கள் பண்ணையில் இன்னொரு வழக்கம். கீரை வேகும் வரைக்கும் அடுப்பைச் சுற்றி உட்கார்ந்து ஆளுக்கு ஒரு கதை சொல்ல வேண்டும். சொல்லாதவருக்குச் சாறு கிடையாது. சயாமா தரையில் காலை நீட்டி உட்கார்ந்து காராமணி உரித்துக்கொண்டே சொல்வார். கோழி மாதிரியும் பேசுவார், பண்ணைக்காரர் மாதிரியும் பேசுவார். என் முறை வந்தால் நான், "எனக்குக் கதை தெரியாது சயாமா" என்பேன்.

"கடன்ல எழுதிக்கிறேன். சாறு குடி" என்பார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை சொன்ன கதை இது. ஒரு பண்ணைக்காரர் வீட்டில் ஒரு சமையல்காரி. பனிக்காலத்தில் ஒரு நாள் சட்டியில் போட வைத்திருந்த எலும்பைத் தன் பிள்ளைகளுக்குக் கொடுத்துவிட்டாள். சட்டியில் எதையாவது போட வேண்டுமே. அடுப்படிக் கொட்டகையில் கோவேறு கழுதைக்குப் பூட்டுகிற பழைய தோல் வார் தொங்கியது. வருஷக்கணக்காக அடுப்புப் புகை குடித்த வார். ஒரு துண்டை அறுத்துப் போட்டாள். பண்ணைக்காரர் குடித்துவிட்டு, "இப்படி ஒரு சாறு குடிச்சதே இல்ல, இனிமே தினம் இதுதான்" என்றாராம். அவள் பாவம், தினமும் ஒரு துண்டு அறுத்தாள். பனி போய் உழவு வந்தது. கழுதை தயார், கலப்பை தயார், பூட்ட வார் இல்லை. வார் முழுக்கப் பண்ணைக்காரர் வயிற்றில்.

சயாமா சிரித்த சிரிப்பில் கையிலிருந்த பயறு உருண்டு ஓடியது. எனக்குச் சிரிப்பு வரவில்லை. என் முடிச்சு அப்போது சட்டிக்குள் வெந்துகொண்டிருந்தது. ஒரு வழியாக, "அப்புறம் அவள என்ன செஞ்சாங்க?" என்று கேட்டேன்.

"முடிவு வேணுமா? நீ ஒரு கதை சொல்லு, நான் முடிவு சொல்றேன்."

நான் சொல்லவில்லை. பட்டாளம் ஆட்சியைப் பிடித்து ஊர் சரியில்லாமல் போன வருஷம், சயாமா இரண்டே பெட்டியோடு கிளம்பிவிட்டார். கிளம்பும்போது என் கன்னத்தை இரண்டு கையாலும் பிடித்து, "கடன் இருக்கு அக்கா" என்றார். அதற்கும் நான் தலையைத்தான் ஆட்டினேன்.

அதன் பிறகு ஞாயிற்றுக்கிழமை வந்தால் எனக்கு வேலையே ஓடாது. வீட்டில் கீரை வைத்தால் பத்து நிமிஷத்தில் இறக்கிவிடுகிறார்கள். பத்து நிமிஷத்தில் எந்தக் கதையும் சொல்லி முடியாது. நான் இந்த நாளெல்லாம் ஏங்கிக் கிடந்தது அந்த இரண்டு மணி நேரத்துக்குத்தான். சட்டி கொதிக்கும் சத்தம், பயறு விழும் சத்தம், நடுவே சயாமாவின் குரல்.

போன மாதம் என் மருமகள், ஊருக்கு வெளியே ஷ்வேப்யிதா பக்கத்துத் தையல் ஃபேக்டரியில் வேலை பார்ப்பவள், வேலை முடிந்து வந்ததும் போனை நீட்டினாள். நான் சயாமாவிடம் வேலை பார்த்தபோது அவள் நம்பரைத்தான் கொடுத்து வைத்திருந்தோம்.

"அத்தே, ஒங்க சயாமாவோட மக எழுதியிருக்கு."

"என்னவாம்?"

"அவங்கம்மாவுக்கு ஞாபகம் தப்பிப்போச்சாம். சாப்பிட மாட்டேங்கிறாங்களாம். பாட்டி செஞ்ச மாதிரியே எலும்பு போட்டுக் கீரை வச்சுக் குடுத்தா, ஒரு வாய் வச்சுட்டுத் தள்ளிடுறாங்களாம். 'அக்கா கீரை, அக்கா கீரை'ன்னு கேக்குறாங்களாம். நீங்க என்ன போட்டீங்கன்னு கேக்குது."

 மருமகளிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவள் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"அடியாத்தி! ஒம்பது வருசமாவா? வாயில்லாப் பூச்சி மாதிரி இருந்துக்கிட்டு!"

"எலும்ப எடுத்துட்டுப் போயிட்டேன்னு நெனைக்குமே அந்தப் பொண்ணு. திருடின்னுதானே சொல்லும்?"

"சொன்னா சொல்லட்டும் அத்தே. அங்க ஒரு மனுசி பட்டினி கெடக்குது."

அது சரிதானே. இரண்டு நாள் தள்ளினேன். மூன்றாம் நாள் மருமகள் போனை என் வாய்க்கு நேரே பிடித்துக்கொண்டாள். சமையலறைச் சுவரைப் பார்த்துக்கொண்டு பர்மியத்தில் எல்லாவற்றையும் சொன்னேன். இடியாப்பம், எதிர்வீட்டு அம்மாவுக்குக் கொடுத்த வாக்கு, காவல்காரர், துணி முடிச்சு, விரால். வாழ்நாளில் நான் அவ்வளவு நேரம் ஒரே மூச்சில் பேசியதில்லை. மருமகள் அதை இங்கிலீஷில் எழுதி அனுப்பினாள்.

மறுநாள் பதில் வந்தது. அந்தப் பெண் கோபித்துக்கொள்ளவில்லை. எழுதியதை அம்மாவுக்குப் படித்துக் காட்டினாளாம். பாதி கேட்டதுமே சயாமா சிரித்தாராம். இத்தனை மாதத்தில் அதுதான் முதல் சிரிப்பாம். "கழுதை வார், கழுதை வார்" என்று சொல்லிச் சொல்லிச் சிரித்தாராம். 'எங்கள் வீட்டில் கழுதையே கிடையாதே, அம்மா என்ன சொல்கிறார் என்று உங்களுக்குத் தெரியுமா?' என்று கேட்டிருந்தாள்.

எனக்குத் தெரியும். என் மகராசி சயாமா, முதலிலிருந்தே உனக்கும் தெரியும். தெரிந்துகொண்டே ஞாயிறு தவறாமல் எலும்பு வாங்கி வைத்தாய். நானாகச் சொல்லட்டும் என்று காத்திருந்தாய்.

சாப்பாடுதான் இன்னும் நடக்கவில்லை. அங்கே அந்தப் பெண் ஏதோ டப்பா மீனைப் போட்டு வைத்துப் பார்த்தாளாம். சயாமா முகத்தைத் திருப்பிக்கொண்டாராம். இங்கிருந்து அனுப்பினால் கருவாட்டை விமானத்தில் ஏற்ற மாட்டார்கள் என்று மருமகள் சொல்கிறாள்.

அதனால் இதைப் படிக்கிறவர்களிடம் ஒன்று கேட்கிறேன். அமெரிக்காவின் தெற்குப் பக்கத்து ஆறுகளில் கெளுத்தி உண்டு என்று சயாமா ஒரு தடவை சொன்னதாக ஞாபகம். அது நிஜம்தானா? உமிப் புகையில் காட்டினால் கெளுத்தியில் விரால் வாசம் வருமா? பெரிய கட்டுக் கீரை இரண்டுக்கு உள்ளங்கை அளவு கருவாடு என்று நான் சொல்லி அனுப்பியிருக்கிறேன். ஒன்றரைக் கட்டுக்குத்தான் அந்த அளவோ என்று இப்போது சந்தேகமாக இருக்கிறது. துணி முடிச்சைக் கொதி வந்த பிறகு போட்டேனா, முன்னாலேயே போட்டேனா என்பதும் தெளிவாக இல்லை. விவரம் தெரிந்தவர் யாராவது இதையெல்லாம் சரிபார்த்து, தப்பு இருந்தால் சீக்கிரமாகத் திருத்திச் சொல்லுங்கள். சயாமா பசியோடு இருக்கிறார்.