அசரீரிக்குக் கொஞ்சம் எக்கோ

மைக் செட் தொழிலில் இருப்பவனின் சத்தம் ஊருக்கே கேட்கும், ஆளை மட்டும் யாரும் பார்க்கமாட்டார்கள். கோயில் கொடை, மாதா கோயில் திருவிழா, கல்யாணம், காதுகுத்து எதுவானாலும் முதல் ஆளாகப் போய்க் கடைசி ஆளாகத் திரும்புகிறவர்கள் நாம்தான். பாட்டு நன்றாகக் கேட்டால் பாடினவருக்குப் பெயர். குழாய் ஸ்பீக்கர் 'கொய்ங்' என்று இரைந்தால் நமக்குத் திட்டு. இந்தத் தொழிலில் இருப்பவர்களும், அவர்களுக்கு வாழ்க்கைப்பட்டவர்களும் இதைப் படித்துத் தலையாட்டுவார்கள் என்று எனக்குத் தெரியும்.

எனக்குக் கூடுதலாக இன்னொரு பொறுப்பும் உண்டு. தூத்துக்குடியில் எங்கள் குழு போடும் நாடகத்தில் நான்தான் அசரீரி, அதாவது விதியின் வாய். நாடகத்தை எழுதி நடத்துகிறவர் சேவியர் சார். துறைமுகத்தில் கிளார்க்காக இருந்து ஓய்வு பெற்றவர். பழைய கிரேக்க சோக நாடகங்களைக் கரைத்துக் குடித்தவர். அந்தச் சாயலில் அவரே ஒரு கதை கட்டினார். முத்துக் குளிக்கும் துறையை ஆளும் ராஜாவுக்கு மகன் பிறக்கிறான். தொட்டில் கட்டின அன்றே வானத்திலிருந்து குரல் வருகிறது: "மன்னா! உன் மகன் கடலில் இறங்கும் நாளே அவனுக்குக் கடைசி நாள்!" ராஜா பதறிப்போய்ப் பிள்ளையைக் கடல் கண்ணில் படாத கோட்டைக்கு அனுப்பிவிடுகிறார். கரையில் தோணி இருந்தால்தானே பிள்ளை ஏறுவான் என்று, எந்தத் தோணி கரைக்கு வந்தாலும் அம்பு விடச் சட்டம் போடுகிறார். வளர்ந்த பிள்ளை ஒருநாள் கோட்டையிலிருந்து தப்பி, அப்பாவைப் பார்க்கும் ஆசையில், எங்கோ ஒரு தோணி பிடித்துக் கடல் வழியாக வருகிறான். மங்கலான வெளிச்சத்தில் தோணியைப் பார்த்த ராஜா "எய்யுங்கள்!" என்கிறார். அவ்வளவுதான் கதை.

ஒவ்வொரு ஒத்திகையும் முடிந்ததும் டீ குடிக்கும்போது சேவியர் சார் கேட்பார்: "பிள்ளையக் கொன்னது ராஜாவா, விதியா?" டீ ஆறிப்போகும் வரைக்கும் சண்டை நடக்கும். நான் வாயைத் திறக்கமாட்டேன். என் வீட்டிலேயே அந்தக் கேள்வி உட்கார்ந்திருந்தது. அதைப் பிறகு சொல்கிறேன்.

ஒன் டூ த்ரீ

அசரீரிக்கென்று முதலில் வேறு ஆள் இருந்தார். நாடகத்தன்று அவருக்குப் பல்வலி, முகம் வீங்கிவிட்டது. சேவியர் சார் என்னைப் பார்த்து, "எக்கோவைத் திருகுறது நீதானே, குரலையும் நீயே குடுத்திரு" என்றார். தாளைக் கையில் திணித்துவிட்டுப் போய்விட்டார். இத்தனை வருஷத் தொழிலில் நான் மைக்கில் பேசினது ஒரே ஒரு வசனம்தான். அது உங்களுக்கும் தெரியும்.

நேரம் வந்தது. மேடையில் விளக்கு மங்கியது. ராஜா தொட்டிலுக்குப் பக்கத்தில் கைகூப்பி நின்றார். நான் எக்கோவை முழுசாகத் திருகிவிட்டு, மைக்கை வாய்ப் பக்கம் கொண்டுபோனேன். கைக்கு மைக் வந்ததும் வாய் தானாகத் திறந்து, வானத்திலிருந்து "ஹலோ... ஹலோ... ஒன்... டூ... த்ரீ..." என்று முழங்கியது. கூட்டம் சிரிக்க வாய் திறக்கும் முன்னால் ராஜா மண்டியிட்டுவிட்டார். ராஜா வேஷம் கணேசன் அண்ணாச்சிக்கு. உப்பு லாரி ஓட்டுகிறவர். அன்றைக்கு என் மானத்தைக் காப்பாற்றின புண்ணியவான். வானத்தைப் பார்த்துக் கண் கலங்கக் கேட்டார்: "தெய்வக் குரலே! ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணுகிறாயே, அது என் மகனின் ஆயுளையா?"

வாயைத் திறந்தவன்

அதற்கப்புறம் அசரீரி எனக்கே நிலைத்துவிட்டது. ஒரு கடற்கரை ஊர்த் திருவிழாவில் நாடகம் முடிந்து, நான் மேடைக்குப் பின்னால் கேபிள் சுற்றிக்கொண்டிருந்தேன். மீன் விற்கும் அம்மா ஒருத்தர் நேராக என்னிடம் வந்தார். அழுது அழுது கண் சிவந்திருந்தது. "அந்தக் குரலு நீதானா?" என்றார். பாராட்டத்தான் வருகிறார் என்று நினைத்து, நானும் கொஞ்சம் நெளிந்தபடி ஆமாம் என்றேன்.

"நீ சும்மா கெடந்திருந்தா அந்தப் பிள்ள அப்பன் மடியிலேயே வளந்திருக்கும்லா? அப்பன் மூஞ்சியும் அதுக்குத் தெரிஞ்சிருக்கும், மகன் மூஞ்சியும் அவருக்குத் தெரிஞ்சிருக்கும்" என்று பிடித்துக்கொண்டார். சேவியர் சார் மாய்ந்து மாய்ந்து பேசுகிற விஷயத்தை இந்த அம்மா ஒரு மூச்சில் சொல்லிவிட்டார். தப்பிக்க வழி தெரியாமல், எழுதினது நானில்லை என்று தூரத்தில் நின்ற சேவியர் சாரைக் கைகாட்டினேன். அந்த அம்மா அந்தப் பக்கம் திரும்பக்கூட இல்லை. "அவரு எழுதுனாரு, சரி. வாயத் தொறந்தது நீதானல?"

வீட்டு அசரீரி

இதை வீட்டில் வந்து சிரித்துக்கொண்டே சொன்னேன். என் மனைவி செண்பகம் சிரிக்கவில்லை. காரணம் உண்டு. எங்கள் மகள் சரண்யா பிறந்தபோது, மாமனார் வீட்டு ஜோசியர் கட்டத்தைப் பார்த்துவிட்டு, "பிள்ளைக்குத் தண்ணியில கண்டம்" என்று சொல்லியிருந்தார். அதற்கு எக்கோகூடத் தேவைப்படவில்லை, அன்றிலிருந்து வீடு முழுக்க அதுதான் கேட்டுக்கொண்டிருக்கிறது. தெப்பக்குளம் கிடையாது, குற்றாலம் கிடையாது. திருச்செந்தூரில் எல்லாரும் கடலில் குளிக்க, இவளுக்கு மட்டும் கரையில் வைத்துத் தலையில் ஒரு செம்புத் தண்ணீர். கடலுக்குக் கூப்பிடு தூரத்தில் வளர்ந்த பிள்ளைக்கு முழங்காலுக்கு மேல் கடல் பட்டதில்லை.

அவளோ படித்தது கடல்வாழ் உயிரினங்களைப் பற்றி. புத்தகத்தில்தானே கடல் என்று விட்டுவிட்டோம். இப்போது தீவுப் பக்கம் பவளப்பாறை வளர்க்கும் வேலைக்கு அவளை எடுத்துவிட்டார்கள். படகில் போக வேண்டும், கடலில் மூழ்க வேண்டும். நீச்சல் கற்றுக்கொள்ள அவகாசம் தருவார்களாம். சேருகிறாளா இல்லையா என்று திங்கட்கிழமைக்குள் சொல்லியாக வேண்டும். அவள் ஆசைப்பட்ட வேலை அது ஒன்றுதான், விட்டால் இன்னொன்று வராது. செண்பகம் என்னிடம், "உங்க வாயால வேண்டாம்னு ஒரு வார்த்த சொல்லுங்க. நீங்க சொன்னா கேப்பா" என்றாள். எனக்கும் உள்ளுக்குள் பயம்தான். மேடையில் அத்தனை பேருக்கு முன்னால் விதியை முழங்குகிறவன் சோற்றைப் பிசைந்துகொண்டு உட்கார்ந்திருந்தேன். சரண்யா சண்டை போடவில்லை. தட்டைக் கழுவி வைத்துவிட்டு வந்து அம்மாவிடம் மெதுவாகத்தான் சொன்னாள்: "தண்ணி எங்கன இருக்கு, எப்படி ஒதுங்கிப் போணும்னு எல்லாம் சொல்லித் தந்திட்டிய. உள்ள விழுந்தா என்ன செய்யணும்னு ஒரு நாளும் சொல்லித் தரலியேம்மா."

சாகத் தயாராக வந்தவன்

அந்த வாரத்தில் எங்களுக்கு இரண்டு நாடகம். முதலாவது ஒரு குடியிருப்பின் ஆண்டு விழா. எல்லாம் ஒழுங்காகத்தான் போனது. இளவரசன் அட்டைத் தோணியில் வருகிறான். வீரர்கள் வில்லை வளைத்து நிற்கிறார்கள். கணேசன் அண்ணாச்சி "எய்யுங்கள்" என்று சொன்னதும் நான் இடிச் சத்தம் போட வேண்டும், கை தயாராக இருக்கிறது. அண்ணாச்சி கையைத் தூக்கினார். தூக்கின கை அப்படியே நின்றது. "வில்லைக் கீழே போடுங்கள்" என்றார். "வருவது யாராக இருந்தாலும் கரை ஏறட்டும்."

வீரர்கள் ஒருத்தரை ஒருத்தர் பார்த்தார்கள். கூட்டம் எழுந்து நின்று கைதட்டியது, நாங்கள் போட்ட எந்த நாடகத்துக்கும் அப்படிக் கைதட்டு வந்ததில்லை. எனக்கே ஒரு நொடி நெஞ்சு லேசானது. ஆனால் இளவரசனாக நடித்த பிரான்சிஸுக்கு அடுத்த வசனம் இல்லை. சட்டைக்குள் பாதி அம்பையும் சிவப்புச் சாயப் பையையும் ஒட்டிக்கொண்டு வந்தவன், கரை ஏறினான், அப்பாவைப் பார்த்தான், சுற்றிலும் பார்த்தான். பிறகு யாரும் விடாத அம்பைத் தானே நெஞ்சில் பிடித்துக்கொண்டு சரிந்துவிட்டான்.

திரை விழுந்ததும் எல்லாரும் அண்ணாச்சியைச் சூழ்ந்துகொண்டோம். அவர் கிரீடத்தைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு, "எம்மவன் இன்னைக்குக் காலையிலதான் மொத மொதல்ல கப்பல் ஏறிருக்கான். இன்னைக்கு ஒரு நா அந்த வார்த்த என் வாயில வரல" என்றார். திட்ட வந்த சேவியர் சார் அவர் தோளில் கை வைத்து நின்றார். தலையில் எழுதினதை ஒரு ராஜா மேடையிலேயே மாற்றிவிட்டாரே என்று எனக்குக் கண் கலங்கியது. பிரான்சிஸ் மட்டும் சட்டையில் வழிந்த சாயத்தைத் துடைத்தபடியே முணுமுணுத்தான்: "நீங்க உத்தரவு குடுக்காட்டா என்ன அண்ணாச்சி, நான் ஒரு மாசமா ஒத்திகை பாத்தது சாகுததுக்குத்தானே!"

கரண்ட் போன நேரம்

இரண்டாவது நாடகம் எங்கள் தெருவிலேயே, ஞாயிற்றுக்கிழமை. செண்பகமும் சரண்யாவும் வந்து முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார்கள். தொட்டில் காட்சி வந்தது, நான் மைக்கை எடுத்தேன், கரண்ட் போய்விட்டது. ஜெனரேட்டர் இருமிவிட்டுப் படுத்துக்கொண்டது. கூட்டத்தில் ஒவ்வொருவராகப் போனை எடுத்து மேடைக்கு வெளிச்சம் அடித்தார்கள். அந்த ஜனங்களுக்கு நான் எத்தனை கும்பிடு போட்டாலும் தகும். ராஜா தொட்டில் பக்கத்தில் காத்துக்கொண்டு நின்றார். சேவியர் சார், "வெறும் தொண்டையிலே சொல்லு" என்று சைகை காட்டினார்.

திரை இடுக்கு வழியாகப் பார்த்தேன். முன்வரிசையில் போனைத் தூக்கிப் பிடித்திருந்தது சரண்யா. அந்த வெளிச்சத்தில் அவள் முகமும் அவள் அம்மா முகமும் தெரிந்தன. "மன்னா... உன் மகன் கடலில் இறங்கும் நாளே..." என்று ஆரம்பித்தேன். எக்கோ இல்லாத என் குரலை நானே அன்றைக்குத்தான் கேட்டேன். கம்மிப்போய், உடைந்து, பிள்ளையைக் காணோம் என்று தேடுகிறவன் குரல் மாதிரி இருந்தது. முழுசாகச் சொல்லி முடிப்பதற்குள் முன்வரிசையில் ஒரு சின்னப் பெண் அம்மாவிடம் சத்தமாகவே கேட்டாள்: "ஏம்மா, சாமி எதுக்குப் பயந்து பயந்து பேசுது?"

மைக் இல்லாமல்

மறுநாள் காலையில் செண்பகம் காபியை வைத்துவிட்டு எதிரிலேயே உட்கார்ந்தாள். சரண்யா போனைக் கையில் வைத்துக்கொண்டு நின்றாள். "இன்னைக்குப் பதில் சொல்லணுமாம். சொல்லுங்க" என்றாள் செண்பகம். நான் தொண்டையைச் செருமினேன். என்னையறியாமல் அடிவயிற்றிலிருந்து அந்த மேடைக் குரல் கிளம்பியது: "சரண்யா..." அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது, கண்ணில் தண்ணீரும் நின்றது. "மைக்க ஆஃப் பண்ணிட்டுச் சொல்லுங்கப்பா" என்றாள்.

ஆஃப் பண்ணிவிட்டுச் சொன்னேன். "எனக்குப் பயமா இருக்கு பிள்ள. அது என் பயம், அத ஒந்தலையில கட்ட மாட்டேன். மொதல்ல நீச்சல் படி. படிச்சிட்டு, போயிட்டு வா." சொல்லிவிட்டுச் செண்பகம் என்ன செய்வாளோ என்று பயந்து பார்த்தேன். அவள் காபி டம்ளரையே உருட்டிக்கொண்டிருந்தாள். "அந்த ராசாகிட்ட நீங்க மகன் சாவான்னுதான சொன்னிய?" என்று திடீரென்று கேட்டாள். ஆமாம் என்றேன். "தோணியப் பாத்தா அம்பு விடுன்னு சொல்லலியே?" இல்லை என்றேன். சேவியர் சாரின் டீக்கடைக் கேள்விக்கு இத்தனை நாளில் யாரும் சொல்லாத பதில் என் வீட்டு அடுப்படியில் கிடைத்தது: "ஜோசியரும் கண்டம்னுதான் சொன்னாரு. நீச்சல் படிக்கக் கூடாதுன்னு சொன்னது நாமதான்."

கரையில்

நீச்சல் குளத்தில் சரண்யா பழகின நாளெல்லாம் செண்பகம் துண்டோடு ஓரத்தில் உட்கார்ந்திருந்தாள். பிள்ளை முங்கும்போதெல்லாம் இவளும் மூச்சைப் பிடித்துக்கொள்வாள். அலுக்காமல் இருவருக்குமே தைரியம் சொன்ன கோச் அம்மாவை நாங்கள் மறக்கவே மாட்டோம். பிறகு ஒரு நாள் விடிந்ததும் சரண்யா தீவுக்குப் படகேறினாள். ஜோசியர் சொன்னது பொய்யா மெய்யா என்று எனக்குத் தெரியாது. நாங்கள் சாயங்காலம் வரைக்கும் சாப்பிடவில்லை என்பது மட்டும் மெய்.

படகு திரும்பும் நேரத்துக்குக் கரையில் போய் நின்றோம். கணேசன் அண்ணாச்சியும் அங்கே நின்றார். மகன் கப்பல் ஏறின நாளிலிருந்து சாயங்காலமானால் கடலைப் பார்க்க வந்துவிடுவார். தூரத்தில் ஒரு படகு தெரிந்தது. வெயில் இறங்கிவிட்டதால் யார் யார் இருக்கிறார்கள் என்று தெரியவில்லை. செண்பகம் என் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள், வலித்தது, விடச் சொல்லவில்லை. அண்ணாச்சி எங்கள் இரண்டு பேரையும் பார்த்தார். லுங்கியை இறக்கிவிட்டு, மேடையில் நிற்பதுபோல் நிமிர்ந்து, கையைக் கடல் பக்கம் நீட்டி, கரையில் நின்றவர்கள் எல்லாம் திரும்பிப் பார்க்கும்படி முழங்கினார்: "வில்லைக் கீழே போடுங்கள்! வாரது நம்ம பிள்ள!"

அந்த நாடகத்தை இன்னமும் போடுகிறோம், ராஜாவும் இன்னமும் அம்பு விடச் சொல்லிவிட்டுத்தான் அழுகிறார், நான் மட்டும் எக்கோவைக் கொஞ்சம் குறைத்து வைத்திருக்கிறேன்.